1930-க்கு அழைத்த பிறகு: சைபர் புகாரில் உங்கள் உரிமைகளும் உங்கள் போனும்

ஆன்லைனில் பணம் போனால் 1930-க்கு அழைக்க வேண்டும் என்பது இப்போது பலருக்கும் தெரியும். அழைத்த பிறகு சட்டம் நமக்கு என்ன தருகிறது, நாம் எதைக் காப்பாற்றி வைக்க வேண்டும் என்பதுதான் தெரிவதில்லை. பணத்தை மீட்க சில மணி நேரம்தான் இருக்கிறது. சான்றைச் சேர்ப்பதற்குச் சில மாதங்கள் இருக்கின்றன. முதல் நாள் பதற்றத்தில் பணத்தைத் துரத்தும்போதே பலரும் சான்றைத் தங்கள் கையாலேயே அழித்துவிடுகிறார்கள்.

முதலில் பணம். 1930 என்பது உள்துறை அமைச்சகத்தின் கீழ் இயங்கும் இந்திய சைபர் குற்ற ஒருங்கிணைப்பு மையத்தின் ஏற்பாடு. 2021-ல் தொடங்கியபோது எண் 155260. நீங்கள் சொல்லும் பரிவர்த்தனை எண்ணை வைத்து, பணம் எந்தக் கணக்குக்குப் போனது, அங்கிருந்து எங்கே நகர்ந்தது என்று ஒவ்வொரு வங்கியும் பார்க்கும். எங்கே மிச்சம் இருக்கிறதோ அங்கே 'லியன்' போட்டு நிறுத்திவைக்கும். அதனால் அழைப்பதற்கு முன் யுபிஐ பரிவர்த்தனையின் 12 இலக்க எண், தொகை, நேரம் மூன்றையும் ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். பணம் ஏடிஎம்மில் எடுக்கப்பட்டுவிட்டால் லியன் போட அங்கே எதுவும் இருக்காது.

அதே நேரத்தில் உங்கள் வங்கியிலும் புகார் கொடுத்து, புகார் எண்ணை வாங்கிவிடுங்கள். ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6 சுற்றறிக்கையில் கொண்டுவந்த விதி இங்கே உதவும். தவறு உங்கள் பக்கமும் இல்லை, வங்கி பக்கமும் இல்லை என்றால், வங்கியிடமிருந்து தகவல் வந்த 3 வேலை நாட்களுக்குள் சொன்னவருக்கு இழப்புப் பொறுப்பு இல்லை. ஓடிபியை நீங்களே சொல்லியிருந்தால், புகார் செய்யும் வரை போனது உங்கள் இழப்புதான். புகாருக்குப் பிறகு போவது வங்கியின் பொறுப்பு. வாடிக்கையாளர்தான் பொறுப்பு என்று நிரூபிக்கும் சுமையும் வங்கியுடையதே.

அப்புறம் எஃப்ஐஆர். 1930-ல் கிடைக்கும் ஒப்புகை எண் எஃப்ஐஆர் ஆகாது. புகாரைப் பெற்றுக்கொண்டதற்காகக் காவல் நிலையத்தில் கொடுக்கும் சிஎஸ்ஆர் ரசீதும் ஆகாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173-வது பிரிவுப்படி, குற்றம் எந்த ஊர் எல்லையில் நடந்திருந்தாலும் எந்த நிலையத்திலும் தகவல் கொடுக்கலாம். மின்னணு வழியாக அனுப்பினால் 3 நாட்களுக்குள் நேரில் போய்க் கையெழுத்திட வேண்டும். எஃப்ஐஆர் நகல் இலவசம். பதிய மறுத்தால் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கு எழுதலாம்; அதற்கும் பலன் இல்லையென்றால் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். "இது இன்ஸ்பெக்டர்தான் பார்க்கணும்" என்று நிலையத்தில் சொன்னால் அது முழுப் பொய்யல்ல. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 78-வது பிரிவு, அந்தச் சட்டக் குற்றங்களை இன்ஸ்பெக்டருக்குக் குறையாத அதிகாரிதான் புலனாய்வு செய்ய வேண்டும் என்கிறது. ஆனால் அது புலனாய்வைப் பற்றியது. புகாரை வாங்காமல் திருப்பி அனுப்ப அது காரணமாகாது.

இனி சான்று. சம்பவம் நடந்ததும் வீட்டில் யாராவது ஒருவர், "அந்த ஆப்பை முதல்ல அழி, போனை ரீசெட் பண்ணு" என்பார். நல்ல எண்ணம்தான், ஆனால் வழக்குக்கு அதைவிடக் கெடுதல் வேறில்லை. போனைத் தூரத்திலிருந்து இயக்கும் ஆப் ஏதாவது உள்ளே இருக்கிறது என்று சந்தேகம் வந்தால், ஃபிளைட் மோடில் போட்டு, வைஃபையும் அணைந்திருக்கிறதா என்று பார்த்து, அப்படியே ஓரமாக வையுங்கள். 1930-க்கு வேறு போனிலிருந்து பேசுங்கள். திரையில் தெரிவதை இன்னொரு போனால் படம் எடுங்கள். அனுப்பியவரின் எண், தேதி, நேரம் எல்லாம் அதில் தெரிய வேண்டும்.

ஸ்கிரீன்ஷாட் மட்டும் ஏன் போதாது? புலனாய்வுக்குத் தொடக்கமாக அது நல்லது. நீதிமன்றத்தில் நிற்க வேறொன்று வேண்டும். புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷிய அதினியத்தின் 63-வது பிரிவுப்படி, மின்னணுப் பதிவின் நகலைத் தாக்கல் செய்தால் கூடவே ஒரு சான்றிதழ் வேண்டும். பழைய சட்டத்தில் இது 65பி. அது கட்டாயம் என்று 2020-ல் உச்ச நீதிமன்றம் அர்ஜுன் பண்டிட்ராவ் வழக்கில் உறுதிப்படுத்தியது. புதிய சட்டம் அதற்குப் படிவத்தையும் கொடுத்துவிட்டது. பகுதி 'ஏ'-யைப் பதிவைத் தாக்கல் செய்பவர் நிரப்ப வேண்டும். பகுதி 'பி' நிபுணருடையது. கருவியின் தயாரிப்பு, மாடல், போனின் தனி அடையாளமான ஐஎம்இஐ எண், பிறகு ஹாஷ் மதிப்பு, அது எந்த முறையில் கணக்கிடப்பட்டது என்பதெல்லாம் அதில் வரும்.

ஹாஷ் என்பது ஒரு கோப்பைக் கணக்கிட்டுக் கிடைக்கும் எழுத்தெண் வரிசை. கைரேகை மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். எஸ்எச்ஏ-256 முறையில் அது 64 எழுத்துகள் நீளம் இருக்கும். கோப்பில் ஒரு காற்புள்ளி மாறினாலும் வரிசை முழுக்க மாறிவிடும். தடயவியல் ஆய்வகத்தில் கம்ப்யூட்டரின் ஹார்டு டிஸ்கை நேராகத் திறந்து பார்ப்பதில்லை. எழுதுவதைத் தடுக்கும் கருவி வழியாக இணைத்து, அழிக்கப்பட்ட பகுதிகள் உட்பட அச்சு அசலாக நகலெடுத்து, இரண்டின் ஹாஷும் ஒன்றா என்று பார்த்தபிறகு நகலில்தான் வேலை செய்கிறார்கள். ஹாஷ் ஒத்துப்போனால், நடுவில் யாரும் கை வைக்கவில்லை என்று காட்டிவிடலாம். போன் எப்போதும் ஓடிக்கொண்டே, எழுதிக்கொண்டே இருக்கும் பொருள் என்பதால் அங்கே இது இத்தனை சுத்தமாக நடக்காது. அதனால்தான் அதை வலையமைப்பிலிருந்து துண்டித்து வைப்பது அவ்வளவு முக்கியம்.

காவல்துறை போனைக் கேட்டால் பயப்பட வேண்டாம், ஆனால் வெறுங்கையோடு திரும்பவும் வேண்டாம். கைப்பற்றல் பட்டியலில் ஐஎம்இஐ எண்ணும் சிம் விவரமும் எழுதப்பட்டிருக்கிறதா என்று பார்த்து, ஒரு நகல் கேளுங்கள். பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 105-வது பிரிவுப்படி தேடுதலும் கைப்பற்றலும் ஒலி-ஒளிப் பதிவு செய்யப்பட வேண்டும். போனைத் திரும்பப் பெற மாஜிஸ்திரேட்டிடம் மனுச் செய்யலாம். லியனில் நிற்கும் பணத்தைக் கேட்கவும் அதே சட்டத்தின் 503-வது பிரிவு வழியாக அதே நீதிமன்றத்துக்குத்தான் பொதுவாகப் போகிறார்கள். பணம் தானாகக் கணக்குக்குத் திரும்பிவிடும் என்று காத்திருப்பவர்கள் கவனிக்க.

சேவை நிறுவனங்களிடம் இருக்கும் சான்றுக்கும் ஆயுள் உண்டு. சமூக ஊடக நிறுவனங்கள் கணக்கை நீக்கியவரின் பதிவு விவரங்களை 180 நாட்கள் வைத்திருக்க வேண்டும் என்பது 2021 தகவல் தொழில்நுட்ப விதி. கணினி அமைப்புகளில் நடந்தவற்றைத் தானாகக் குறித்துவைக்கும் லாக் பதிவுகளுக்கும் 180 நாட்கள் என்று, மத்திய அரசின் கணினிப் பாதுகாப்பு அமைப்பான செர்ட்-இன் 2022 ஏப்ரலில் உத்தரவிட்டது. அதற்குள் புலனாய்வு அதிகாரி அவற்றைக் கேட்டிருக்க வேண்டும். இதை நீங்கள் நேராகக் கேட்டு வாங்க முடியாது. ஆனால் கேட்டாரா என்று விசாரிக்கலாம். புலனாய்வின் நிலையைப் புகார்தாரருக்கோ பாதிக்கப்பட்டவருக்கோ 90 நாட்களுக்குள் தெரிவிக்க வேண்டும் என்கிறது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 193-வது பிரிவு. எஃப்ஐஆர் எண்ணையும் அந்தப் பிரிவையும் குறிப்பிட்டு, சேவை நிறுவனங்களிடம் லாக் பதிவுகள் கேட்கப்பட்டனவா என்று எழுத்தில் கேளுங்கள். அதைச் சம்பவத்திலிருந்து 90-வது நாளிலேயே கேட்டுவிட்டால், விட்டுப்போனதைக் கேட்டு வாங்க இன்னும் சுமார் 90 நாட்கள் கையில் இருக்கும்.