வீட்டுல கண்டுபிடிச்ச பொருளை தொழிலா மாத்தப் போற அம்மாக்களுக்கு: பேட்டண்ட், பி.எம்.இ.ஜி.பி லோன், ஏமாறாம இருக்க வேண்டிய இடங்கள்

எனக்குத் தெரிஞ்ச ஒரு அக்கா, ரெண்டு பிள்ளைங்க, வீட்டுக்காரர் விட்டுட்டுப் போய் ஆறு வருஷம் ஆச்சு. விடியக்காலை நாலு மணிக்கு எழுந்து இடியாப்பம் புழிஞ்சு வித்துதான் குடும்பம் ஓடுது, அதுல மணிக்கட்டே போயிடுச்சு. வலி தாங்காம ஒரு வெல்டிங் கடையில உக்காந்து, அச்சை மேலேருந்து ஒரு நீளக் கைப்பிடியால அமுக்குற மாதிரி ஒரு ஸ்டாண்டு பண்ணாங்க. அதுல விசேஷம் என்னன்னா பின்னாடி ஒரு சின்ன கொக்கி, மாவு தீர்ந்ததும் கொக்கி விலகி கைப்பிடி தானா மேல ஏறிடும், இன்னொரு கையால தூக்க வேண்டியதில்ல. பாத்தவங்க எல்லாம் எனக்கும் ஒண்ணு பண்ணிக் குடுங்கன்னு கேட்டாங்க. மகளிர் குழு கண்காட்சியில மூணு நாள் வெச்சு வித்தாங்க, யாரோ வீடியோவும் எடுத்துப் போட்டாங்க. நாலு மாசம் கழிச்சு பாத்திரக் கடை வாசல்ல அதே கொக்கியோட அதே ஸ்டாண்டு தொங்குது. அப்பதான் என்கிட்ட வந்து பேட்டண்ட், அதாவது நம்ம கண்டுபிடிப்பை வேற யாரும் செஞ்சு விக்கக் கூடாதுன்னு அரசு குடுக்கிற உரிமை, எப்படி எடுக்கிறதுன்னு கேட்டாங்க. கண்காட்சியில வித்த அன்னைக்கே அந்தக் கதவு சாத்திடுச்சுன்னு அவங்க முகத்தைப் பாத்து சொல்ல வேண்டியதாப் போச்சு. அதனாலதான் இதை எழுதுறேன்.

விஷயம் இவ்வளவுதான், எந்தக் காகிதத்தை முதல்ல போடுறோம்ங்கிற வரிசை தப்பினா எல்லாம் போச்சு. ஆனா ஆபீஸ்ல யாரும் இந்த வரிசையை சொல்ல மாட்டாங்க, அவங்கவங்க டேபிளுக்கு வர்ற ஃபார்மை மட்டும்தான் பாப்பாங்க.

முதல்ல பேட்டண்ட். நம்ம நாட்டு சட்டம் 1970ல வந்தது, அதுப்படி பொருள் புதுசா இருக்கணும். புதுசுன்னா உலகத்துல எங்கேயும் அதுக்கு முன்னாடி வெளிய வந்திருக்கக் கூடாது, நீங்களே வெளிய காட்டியிருந்தாலும் அது பழசுதான். கண்காட்சியில காட்டினா ஒரு வருஷம் டைம் இருக்குன்னு யாராவது சொல்வாங்க, அந்த சலுகை மத்திய அரசு கெசட்ல அறிவிச்ச கண்காட்சிக்குத்தான், நம்ம ஊர் குழு கண்காட்சிக்கோ கல்லூரி ஸ்டாலுக்கோ கிடையாது. அதனால விக்கிறதுக்கு முன்னாடி, ஸ்டேட்டஸ் போடுறதுக்கு முன்னாடி, புரொவிஷனல் அப்ளிகேஷன் போட்டுருங்க, அதாவது முழு விண்ணப்பத்துக்கு முன்னாடி தேதியைப் பிடிச்சு வைக்கிற தற்காலிக விண்ணப்பம். தனி நபருக்கு ஆன்லைன்ல ஃபீஸ் 1,600 ரூபாய்தான், நேர்ல பேப்பரா குடுத்தா 1,750. தமிழ்நாட்டுக்காரங்களுக்கு சென்னை கிண்டியில இருக்கிற பேட்டண்ட் ஆபீஸ். இதுக்கு ஏஜென்ட் கட்டாயமே இல்ல, நீங்களே போடலாம். ஆனா ஒண்ணு, புரொவிஷனல்னு சொல்றதால நாலு வரி எழுதி அனுப்பிடாதீங்க, அதுல எழுதாத விஷயத்துக்கு அந்த தேதி கிடைக்காது. கொக்கி எப்படி மாட்டுது, எப்போ விலகுது, எந்தப் பக்கம் வளைஞ்சிருக்கு, எல்லாத்தையும் படத்தோட எழுதுங்க. போட்ட நாள்லேருந்து 12 மாசத்துக்குள்ள கம்ப்ளீட் அப்ளிகேஷன் போடணும், ஒரு நாள் தாண்டினாலும் போச்சு.

இன்னொரு குழி, அப்ளிகேஷன் போட்டா அவங்களே எடுத்துப் பாப்பாங்கன்னு நினைக்கிறது. பாக்க மாட்டாங்க! பரிசோதிச்சுக் குடுங்கன்னு தனியா ஃபீஸ் கட்டி கேக்கணும், முதல்ல அப்ளிகேஷன் போட்ட தேதியிலேருந்து 31 மாசத்துக்குள்ள கேக்கலேன்னா வாபஸ் வாங்கினதா கணக்கு. முன்னாடி 48 மாசம் இருந்தது, 2024ல குறைச்சுட்டாங்க, பழைய கணக்கை சொல்ற ஆளுங்க இன்னும் இருக்காங்க. இதுல பொம்பளைங்களுக்கு நல்ல சலுகை ஒண்ணு 2019லேருந்து இருக்கு, அப்ளிகண்ட்ல ஒருத்தராவது பெண்ணா இருந்தா சீக்கிரப் பரிசோதனை கேக்கலாம், ஃபார்ம் 18ஏ. தனி நபருக்கு 8,000 ரூபாய், கூடவே அப்ளிகேஷனை முன்கூட்டியே வெளியிடச் சொல்லி ஃபார்ம் 9க்கு 2,500. சாதா வரிசையில நின்னா 4,000 தான், ஆனா வருஷக்கணக்குல காத்திருக்கணும்.

யார் பேர்ல போடுறதுன்னு ரொம்ப ஜாக்கிரதையா இருங்க. அண்ணன் பேர்ல போட்டா ஈஸியா முடியும், மச்சான்தான் ஆபீஸுக்கு அலைவார் அவர் பேர்ல போடுவோம்னு வீட்டுலயே ஆரம்பிப்பாங்க. பேட்டண்ட் யார் பேர்ல இருக்கோ அவங்கதான் ஓனர், நாளைக்கு சண்டை வந்தா உங்ககிட்ட ஒண்ணும் இருக்காது. வெல்டிங் கடைக்காரரும் அப்படித்தான், நீங்க சொன்னபடி ஒட்டிக் குடுத்தது மட்டும்னா அவர் கண்டுபிடிச்சவர் இல்ல, ஆனா கொக்கி ஐடியா அவர் குடுத்திருந்தா அவர் பேரையும் போட்டு உரிமையை உங்களுக்கு எழுதி வாங்கிக்கணும். வேலை குடுக்கிற முன்னாடியே வெளிய சொல்ல மாட்டேன்னு ஒரு பேப்பர்ல கையெழுத்து வாங்குங்க, கோவிச்சுக்குவாரேன்னு பாக்காதீங்க.

நிறைய பேரோட அப்ளிகேஷன் அடி வாங்குற இடம் பிரிவு 3(எஃப்). தெரிஞ்ச ரெண்டு பொருளை சும்மா ஒண்ணா சேத்து வெச்சு, ரெண்டும் அதது பாட்டுக்கு பழைய வேலையே செஞ்சா அது கண்டுபிடிப்பு இல்லன்னு சட்டம் சொல்லுது. அச்சும் ஸ்டாண்டும்னு எழுதினா தள்ளிடுவாங்க, மாவு தீர்ந்ததும் கொக்கி விலகி கைப்பிடி ஏறுற அந்த இயக்கத்தைத்தான் உரிமைன்னு கேக்கணும். ஆட்சேபம் எழுதி ஒரு ரிப்போர்ட் வரும், ஆறு மாசத்துக்குள்ள பதில் போடலேன்னா கைவிட்டதா ஆயிடும். ஏஜென்ட் வெச்சிருந்தா அது அவர் மெயிலுக்குத்தான் போகும், அவர் சொல்ல மறந்தா உங்களுக்குத் தெரியவே தெரியாது, அதனால அப்ளிகேஷன் நம்பரை வாங்கி மாசம் ஒருதடவை நீங்களே வெப்சைட்ல பாருங்க. உங்க பொருள்ல புதுசு தோற்றம் மட்டும்தான்னா பேட்டண்ட் வேண்டாம், டிசைன் ரிஜிஸ்ட்ரேஷன் போதும், 1,000 ரூபாய், பத்து வருஷம். அதையும் வெளிய காட்டுறதுக்கு முன்னாடிதான் போடணும்.

இப்ப பணம். மானியத்தோட லோன்னா பி.எம்.இ.ஜி.பி, அதாவது பிரதமரின் வேலைவாய்ப்பு உருவாக்கும் திட்டம், மாவட்ட தொழில் மையம் வழியா ஆன்லைன்ல போடுறது. 5 லட்சம் புராஜெக்ட்னா பெண்கள் கையிலேருந்து 5 சதவீதம், அதாவது 25,000 போடணும், மீதி பேங்க் குடுக்கும். மானியம் கிராமத்துல 35 சதவீதம், டவுன்ல 25. யூனிட் எங்க இருக்குங்கிறதுதான் கணக்கு, நீங்க எங்க குடியிருக்கீங்கங்கிறது இல்ல.

இங்கயும் வரிசைதான் ஆளைக் கவுக்குது. இந்தத் திட்டம் புது யூனிட்டுக்கு மட்டும்தான். உத்யம் சர்டிபிகேட் (சிறுதொழில் பதிவுச் சான்று) இருந்தா லோன் சீக்கிரம் கிடைக்கும்னு யாரோ சொல்லி, அதுல தொழில் ஆரம்பிச்ச தேதின்னு போன வருஷத்தைப் போட்டு எடுத்துட்டு வந்தா, ஏற்கனவே நடக்கிற யூனிட்னு தள்ளி வெச்சிடுவாங்க. உத்யம் அரசு போர்ட்டல்ல இலவசம், அதுக்கு ரெண்டாயிரம் மூவாயிரம் கேக்கிற வெப்சைட் எல்லாம் ஏமாத்து.

அடுத்தது தனியா இருக்கிற பெண்களை நேரா குத்துற விதி. ஒரு குடும்பத்துல ஒருத்தருக்குத்தான் இந்த லோன், குடும்பம்னா நீங்களும் உங்க வீட்டுக்காரரும். பிரிஞ்சு போன ஆள் எப்பவோ இதே லோனை வாங்கியிருந்தா அது உங்களை மறிக்கும். அவரோட ஒரு உறவும் இல்லாம ஆறு வருஷம் பிள்ளைங்களை வளர்த்தவங்களுக்கு இந்த தண்டனை ஏன்னு எனக்கு இன்னைக்கு வரைக்கும் புரியல. விவாகரத்து உத்தரவு இருந்தா அதை முதல் நாளே ஃபைல்ல வையுங்க. அதே மாதிரி அவர் வாங்கின வண்டி லோனுக்கு நீங்க ஜாமீன் கையெழுத்து போட்டிருந்தா, அவர் கட்டாம விட்டது உங்க சிபில்ல, அதாவது பேங்க் பாக்கிற உங்க கடன் வரலாற்று ரிப்போர்ட்ல, கிடக்கும். வருஷம் ஒருதடவை முழு ரிப்போர்ட் இலவசமா எடுக்கலாம், பேங்குக்கு போறதுக்கு முன்னாடியே எடுத்துப் பாருங்க.

கைவிடப்பட்டவர் சான்றிதழ் கொண்டு வாங்கன்னு சொல்லி தாலுகா ஆபீஸுக்கு விரட்டுவாங்க. இந்தத் திட்டத்துக்கு அது வேண்டாம், பெண்ணா இருந்தாலே சிறப்புப் பிரிவுதான். உற்பத்தித் தொழில் 10 லட்சத்தைத் தாண்டினாதான் எட்டாவது பாஸ் கேக்கணும், அதுக்குக் கீழ மார்க்‌ஷீட் கேட்டா விதியைக் காட்டச் சொல்லுங்க. 10 லட்சம் வரைக்கும் அடமானமும் கேக்கக் கூடாது, ரிசர்வ் வங்கி உத்தரவு.

ஆனா கேப்பாங்க. அந்த அக்காகூட நான் ஒரு பேங்குக்குப் போனப்போ மேனேஜர் ஃபைலைத் திறக்காமலே, வீட்டுக்காரர் எங்கம்மா, அவர் கையெழுத்து இல்லாம எப்படின்னு கேட்டார். "அவர் எங்க இருக்கார்னே தெரியாது சார்"னு சொன்னதுக்கு, அப்ப யாராவது ஆம்பளை ஆளைக் கூட்டிட்டு வாங்கன்னார். தொழில் பண்ணப் போறவங்க கையெழுத்துதான் வேணும், வீட்டுக்காரர் கையெழுத்து இல்லாம லோன் கிடையாதுன்னு திட்டத்துல எங்கேயும் இல்ல. டார்கெட் முடிஞ்சிடுச்சு, எங்க ஏரியா இல்ல, அடுத்த மாசம் வாங்க, இதெல்லாம் வாய்ல மட்டும்தான் வரும். வாய்ல சொல்றதை வாங்கிக்கிட்டு திரும்பி வராதீங்க, விண்ணப்பம் வாங்கினதுக்கு தேதியோட ரசீது கேளுங்க, மறுத்தா காரணத்தை எழுத்துல கேளுங்க. எழுத்துல கேட்டதுமே பாதி காரணம் காணாமப் போயிடும். பேங்குக்கு எழுத்துல புகார் குடுத்து 30 நாள் ஆகியும் பதில் இல்லேன்னா ரிசர்வ் வங்கியோட குறைதீர்ப்பாளர் (ஆம்பட்ஸ்மேன்) கிட்ட ஆன்லைன்ல போடலாம், ஃபீஸ் கிடையாது.

மானியம் கைக்கு வரும்னு சொல்ற புரோக்கரை நம்பாதீங்க. அது மூணு வருஷம் உங்க பேர்ல பேங்க்ல டெபாசிட்டா பூட்டி இருக்கும், தொழில் ஓடிக்கிட்டு இருந்தாதான் கடன்ல கழிப்பாங்க, நடுவுல மூடினா போச்சு. அதே புரோக்கர் லோன் பெருசா வாங்கித் தரேன்னு வருமானத்தைக் கூட்டிக் காட்டி ஐடி ரிட்டர்ன் (வருமான வரிக் கணக்கு) போட்டு விடுவார். 2.5 லட்சத்துக்கு மேல வருமானம் காட்டினா கலைஞர் மகளிர் உரிமைத் தொகை ஆயிரம் ரூபாய் நின்னு போயிடும். லோன் வர்றதுக்கு முன்னாடியே மாசம் கேஸ் சிலிண்டருக்கு ஆகுற காசு போயிடும். ரிட்டர்ன்ல என்ன தொகை எழுதியிருக்குன்னு பாக்காம ஓ.டி.பி சொல்லாதீங்க.