மந்தாரம் என்பது எந்த மரம்?

சிவபஞ்சாட்சர தோத்திரத்தின் இரண்டாம் பாட்டில் ‘மந்தாரபுஷ்ப பஹுபுஷ்ப ஸுபூஜிதாய’ என்று ஓர் அடி வரும். அந்த மந்தாரப் பூவை ஒரு நாளாவது பூசையில் வைத்துவிட வேண்டும் என்று என் பெரியம்மாவுக்கு ஆசை. நாற்றுப் பண்ணையில் மந்தாரம் கேட்டபோது, நுனி பிளந்த இலையும் வெள்ளைப் பூவும் கொண்ட மந்தாரைக் கன்றைக் கொடுத்தார்கள். பக்கத்து வீட்டில் இருந்த தெலுங்குக்கார அம்மாள், ‘மந்தாரம் எங்கள் வாசலிலேயே பூக்கிறதே, இதற்கா பண்ணைக்குப் போனீர்கள்?’ என்று ஒரு கை செம்பருத்தியைப் பறித்துக்கொண்டு வந்தார். புனேயிலிருந்து வந்திருந்த உறவினரோ அது வெள்ளெருக்கு என்று சாதித்தார். மூவரில் ஒருவரும் பொய் சொல்லவில்லை. அவரவர் மொழியில் அவரவர் சொன்னது சரியே. ஒரே பெயர் இப்படி மூன்று செடிகளின் மேல் உட்கார்ந்திருப்பது எப்படி என்று பார்ப்பதும், தமிழில் எழுதும்போது எதை எங்கே எழுத வேண்டும் என்று முடிவு செய்வதுமே இந்த விளக்கத்தின் நோக்கம்.

மந்தாரம் வடசொல். மகிழ்தல் என்னும் பொருளுள்ள வேரோடு சேர்த்து அதற்கு விளக்கம் சொல்வது மரபு. முதற்பொருளில் அது மண்ணில் முளைக்கும் மரமன்று. இந்திரனின் நந்தவனத்தில் நிற்பனவாகச் சொல்லப்படும் ஐந்து மரங்களில் ஒன்று. அமரகோசம் என்னும் வடமொழி நிகண்டு சொர்க்கத்தைப் பற்றிய பகுதியிலேயே மந்தாரம், பாரிசாதம், சந்தானம், கற்பகம், அரிசந்தனம் என்று இவ்வைந்தையும் எண்ணிவிடுகிறது. தமிழில் இத்தொகுதிக்கு ஐந்தரு என்று பெயர். அரிசந்தனம் இருக்க வேண்டிய இடத்தில் தேவதாரத்தை வைத்து எண்ணுவதும் தமிழில் உண்டு. புராணக் கதைகளில் கேட்டதையெல்லாம் கொடுக்கும் வேலை கற்பகத்துக்கும், கண்ணனுடைய இரு மனைவியரிடையே சச்சரவை மூட்டும் வேலை பாரிசாதத்துக்கும் வாய்த்துவிட்டதால், மந்தாரத்துக்கு மாலையாகும் வேலைதான் மிஞ்சியது. காளிதாசனின் சாகுந்தல நாடகத்தின் ஏழாம் அங்கத்தில் இந்திரன் துஷ்யந்தனுக்குச் சூட்டுவது மந்தாரமாலை. அர்த்தநாரீசுவர தோத்திரத்தில் கபாலமாலை அணிந்த சிவனுக்கு எதிரே உமையின் கூந்தலில் இருப்பதும் மந்தாரமாலையே.

இந்த வானுலக மரம் வீட்டுக் கொல்லைக்கு இறங்கி வருவதைக் காளிதாசனின் மேகதூதத்தில் பார்க்கலாம். அளகாபுரியில் தன் வீடு எது என்று மேகத்துக்கு அடையாளம் சொல்லும் யட்சன், அங்கே தன் மனைவி பிள்ளையைப் போல வளர்த்த ஓர் இளமந்தாரம் நிற்கிறது என்றும், அதன் பூங்கொத்துகள் கைக்கெட்டும்படி தாழ்ந்திருக்கின்றன என்றும் சொல்கிறான். நட்டு, நீர் ஊற்றி, கை நீட்டிப் பறிக்கக்கூடிய ஒரு மரத்தின் வர்ணனை இது. தேவலோகத்துப் பெயர் ஒன்று ஏற்கெனவே ஏதோ ஒரு நிலத்து மரத்தின் மேல் படிந்துவிட்டது என்பதை இந்த வர்ணனையே காட்டிக்கொடுக்கிறது.

அந்த மரம் எது? இங்கும் அமரகோசமே துணை. மருந்துச் செடிகளைத் தொகுக்கும் பகுதியில் பாரிபத்திரம் என்ற மரத்துக்கு மந்தாரம், பாரிசாதகம் ஆகிய இரண்டும் மறுபெயர்களாகத் தரப்படுகின்றன. பாரிபத்திரம் என்பது நம் முள்முருக்கு. தாவரவியலார் எரித்ரைனா வேரியேகேட்டா என்று அழைப்பது. எரித்ரைனா என்பதும் சிவப்பு என்னும் பொருளுள்ள கிரேக்கச் சொல்லிலிருந்து வந்ததுதான். தையும் மாசியும் ஆகும்போது இந்த மரம் இலையை உதிர்த்துவிட்டு, கிளை நுனிகளில் பவளச் சிவப்பில் கொத்துக் கொத்தாகப் பூக்கும். பச்சை ஒரு துளியும் இல்லாமல் மரம் முழுவதும் சிவந்து நிற்க, காக்கையும் மைனாவும் தேனுக்காகக் கூச்சலிட்டுக்கொண்டிருக்கும். இந்தக் காட்சியை ஒருமுறை நின்று பார்த்தவர்களுக்கு, இதற்கு ஏன் தேவமரத்தின் பெயரை வைத்தார்கள் என்று யாரும் விளக்க வேண்டியதில்லை.

தமிழில் இந்த மரத்துக்கு வடசொல்லின் தயவு தேவைப்படவில்லை. சங்கப் பாட்டில் அதன் பெயர் கவிர். அகநானூற்றின் மூன்றாம் பாட்டு தலைவியின் வாயைக் ‘கவிர் இதழ் அன்ன’ செவ்வாய் என்கிறது. புறநானூறு 326-இல் வருவது இன்னும் நுணுக்கமான காட்சி. வேலியோரத்துக் காட்டுப்பூனைக்கு அஞ்சி இரவில் ஓர் இளம் பேடைக்கோழி அலறுகிறது. பருத்தி நூற்கும் பெண் ஏற்றிய சிறு விளக்கின் வெளிச்சத்தில், ‘கவிர்ப்பூ நெற்றிச் சேவல்’ அருகில் இருப்பதைக் கண்டு அடங்குகிறது. சேவலின் கொண்டைக்கு இந்தப் பூவைவிடப் பொருத்தமான உவமை கிடைக்காது. நிறம் மட்டுமல்ல, வளைந்து மடிந்து நிற்கும் இதழின் வடிவமும் கொண்டையேதான்.

கவிர் வழக்கொழிந்தபின் நின்ற பெயர் முருக்கு. ஆனால் முருக்கு என்பது பலாசம் எனப்படும் புரசுக்கும் வழங்கும். இரண்டும் இலையுதிர்ந்தபின் சிவக்கப் பூப்பவை, இரண்டுக்கும் மூன்று மூன்றாகச் சிற்றிலைகள். ஆகவே வேறுபாடு காட்ட முள்ளைச் சேர்த்து முள்முருக்கு என்றார்கள். ஈழத்தில் இப்பெயர் இன்றும் சிதையாமல் வழங்குகிறது. தமிழ்நாட்டில் முள்முருங்கை, கல்யாண முருங்கை என்று ஆகிவிட்டது. காய் பறித்துக் குழம்பு வைக்கும் முருங்கைக்கும் இதற்கும் எந்த உறவும் இல்லை. முருக்கு என்ற சொல் மறந்துபோகவே, தெரிந்த முருங்கை அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டது என்றே கொள்ள வேண்டும். கல்யாணம் ஒட்டிக்கொண்டதற்குக் காரணம் பந்தற்கால். யாழ்ப்பாணத்தில் திருமணத்துக்கு முன் ஊன்றும் கன்னிக்காலுக்கு முள்முருக்கந்தடியைத்தான் வெட்டுவார்கள். வெட்டி நட்ட தடி சில நாளில் துளிர்த்துவிடும் மரம் இது. குடும்பம் தழைக்க வேண்டும் என்ற வேண்டுதலுக்கு இதைவிட நல்ல சாட்சி எது? மற்ற நாட்களில் இது வேலிக்கால், வெற்றிலைக்கும் மிளகுக்கும் கொழுகொம்பு, சளி பிடித்தால் அரிசியோடு இலையை அரைத்துச் சுடும் அடை. இந்திரன் தோட்டத்து மரம் என்று அதற்கே தெரியாது.

இரண்டாவது செடி எருக்கு. அமரகோசத்தின் அதே மருந்துச் செடிப் பகுதியில், எருக்கின் பெயர்களுக்கிடையிலும் மந்தாரம் இருக்கிறது. மராட்டியில் இன்றும் மந்தார் என்றால் வெள்ளெருக்கு. விநாயகருக்கு உரியது என்று போற்றப்படுவது. புனே உறவினர் சாதித்ததன் பின்னணி இதுதான். தேவலோகத்துப் பூவின் பெயரைச் சுடுகாட்டோரத்தில் தானாக முளைக்கும் பால்செடிக்கு எப்படி வைத்தார்கள் என்ற வியப்பு எழலாம். அந்த வியப்புக்குக் கபிலர் எப்போதோ பதில் சொல்லிவிட்டார். நல்லது என்றோ தீயது என்றோ எண்ணப்படாத, குவிந்த பூங்கொத்தும் புல்லிய இலையும் கொண்ட எருக்கம்பூவே ஆனாலும், ஒருவன் தன்னிடம் உள்ளதைச் சூட்டினால் கடவுள் அதை வேண்டாம் என்று சொல்வதில்லை என்கிறது புறநானூறு 106. இதே பூவைத்தான், காதல் கைகூடாமல் ஊரறியப் பனைமடல் குதிரை ஏறும், அதாவது மடலேறும், தலைவன் கண்ணியாகச் சூடுவதாகக் குறுந்தொகை 17 சொல்கிறது. கடவுளுக்கும் ஆகும், காதலில் மானம் விட்டவனுக்கும் ஆகும்.

மூன்றாவது, தமிழர்களுக்கு மந்தாரை என்றதும் நினைவுக்கு வரும் செடி, தாவரவியலில் பௌஹினியா. மலையாளத்திலும் மந்தாரம் என்றால் இதுதான். வடமொழியில் இதன் இயல்பான பெயர் கோவிதாரம். இராமாயணத்தில் பரதனின் தேர்க்கொடியில் இருப்பது இந்த மரமே. மந்தாரத்துக்கும் கோவிதாரத்துக்கும் முடிச்சு விழுந்த இடத்தை, மகாபாரதத்தின் பிற்சேர்க்கையான அரிவம்சம் காட்டுகிறது. தேவமரத்தைக் கண்ட மக்கள் அது இன்னது என்று அறியாமல் ‘கோபி அயம் தாரு’, அதாவது ‘இது ஏதோ ஒரு மரம்’ என்று சொன்னார்களாம். அதுவே கோவிதாரம் ஆயிற்றாம். மந்தாரம், கோவிதாரம், பாரிசாதம் மூன்றும் அந்த ஒரே மரத்தின் பெயர்களாம். சொல்லாராய்ச்சியாக இதை ஏற்க முடியாது. ஆனால் பெயர் தெரியாத மரம் என்பதையே ஒரு மரத்துக்குப் பெயராக வைத்த கதை, இந்தச் சொல்லின் பிற்கால வாழ்வுக்கு எழுதிய சாதகம் போல இருக்கிறது.

மந்தாரையை அடையாளம் காண்பது எளிது. இலையின் நுனி நடுநரம்பு வரை உள்வாங்கி, இரு மடல்களாகப் பிரிந்து, ஒட்டகக் குளம்பின் தடம் போல இருக்கும். காலையில் விரிந்த மடல்கள் மாலையில் புத்தகம் மூடுவதைப் போல ஒன்றோடொன்று படியும். 16-ஆம் நூற்றாண்டில் பிறந்த தாவரவியலார்களான பௌஹின் சகோதரர் இருவரின் நினைவாக இந்தப் பேரினத்துக்குப் பெயர் வைத்ததும் இந்த இரட்டை மடலை நினைத்துத்தான். ஆங்காங் கொடியில் இருக்கும் வெண்பூவும் இந்த இனத்தைச் சேர்ந்தது. நம் ஊரில் இச்சொல் மாலையைவிட உணவோடு அதிகம் புழங்குகிறது. காஞ்சிபுரத்துக் கோயில் இட்லியை வேகவைக்கும் மூங்கில் குடலைக்குள் விரிப்பது மந்தாரை இலை. ஈர்க்குச்சியால் தைத்த மந்தாரை இலையில் சாப்பிட்டவர்களுக்குச் சூடான சோறு பட்டதும் எழும் அந்தத் துவர்ப்பு வாசனை மறக்காது.

இந்தக் குடும்பத்துக்கும் தமிழில் பழம்பெயர் உண்டு: ஆத்தி. ஆர் என்பதும் அதுவே. சேரனுக்குப் பனை, பாண்டியனுக்கு வேம்பு, சோழனுக்கு ஆர் என்று தொல்காப்பியம் சொல்லும் அடையாளப் பூக்களில் ஒன்று. குறிஞ்சிப்பாட்டின் 99 பூக்களில் ஆத்தி இருக்கிறது, மந்தாரம் இல்லை. ஔவையார் தம் நூலைத் தொடங்குவதும் ஆத்திமாலை சூடிய சிவனை வைத்துத்தான். எனவே சிவனுக்கு மந்தாரம் சூட்டுவதாக வடமொழி தோத்திரம் பாடும்போது, அதே இனத்துப் பூ ஒன்று தமிழில் தன் சொந்தப் பெயரோடு அவர் தலையில் ஏற்கெனவே ஏறியிருந்தது. இருந்தாலும் ஒரு எச்சரிக்கை: ஆத்தி என்பது இவ்வினத்தில் சிறிய, வெளிர் நிறப் பூக்கள் கொண்ட மரம், ஊதாவும் வெள்ளையுமாகப் பெரிய பூக்கள் பூத்துத் தோட்டத்தில் நிற்பதை ஆத்தி என்றால் யாருக்கும் விளங்காது. அதற்கு மந்தாரை என்ற பெயரே நிலைத்துவிட்டது, அது இருக்கட்டும்.

தெலுங்கில் மந்தாரம் செம்பருத்தியாகிவிட்டது. அடுக்குச் செம்பருத்தியை அங்கே முத்த மந்தாரம் என்பார்கள். இதைவிட நெடும்பயணம் பௌத்தத்தோடு போனது. பாலியில் மந்தாரவம். புத்தர் மறைந்தபோது வானிலிருந்து பொழிந்ததாக மகாபரிநிப்பான சுத்தம் என்னும் பாலி நூல் சொல்லும் பூ அது. எதிரே வந்த ஆசீவகத் துறவி கையில் அந்தப் பூ இருப்பதைக் கண்டுதான் புத்தரின் சீடர் மகாகாசியபர் செய்தி விசாரிக்கிறார். அந்த ஒலி சீனம் வழியாகச் சப்பான் சேர்ந்தபோது மந்தராகே ஆகி, ஊமத்தையின் பெயராயிற்று. 1804-இல் ஹனஓகா செய்ஷூ என்ற மருத்துவர் ஊமத்தை சேர்ந்த மருந்தால் ஒரு பெண்ணை மயக்கத்தில் ஆழ்த்தி மார்பகக் கட்டியை அறுத்தெடுத்தார். அங்கே மந்தாரம் என்றால் நினைவுக்கு வருவது இதுதான். எருக்கு, ஆத்தி, ஊமத்தை என்று இந்தப் பெயர் போய் ஒட்டிய செடிகளில் பெரும்பாலானவை நம் ஊரில் சிவனுக்கு உரிய பூக்கள் என்பதை நான் தற்செயல் என்றே நினைக்கிறேன். ஆனால் சுவையான தற்செயல்.

ஒலி ஒன்றாயிருப்பதால் குழம்பக்கூடிய வேறு சொற்களும் உண்டு. ‘வானம் மந்தாரமாக இருக்கிறது’, ‘மப்பும் மந்தாரமுமாக’ என்னும்போது பூவுக்கு அங்கே இடமில்லை; அது மந்தம் என்பதோடு சேர்ந்தது, வெளிச்சம் குன்றிய நிலை. பாற்கடலைக் கடைந்த மத்து மந்தர மலை. அதை மந்தார மலை என்று எழுதுவது பிழை. பாட்டில் கீழ் ஸ்தாயியைக் குறிக்கும் சொல்லும் மந்தரமே.

இனி வழக்கு. வானுலக மரத்தைச் சொல்லுமிடத்தில் மந்தாரம் என்றே எழுதலாம். அது சிறப்புப் பெயர், பெயர்க்க வேண்டியதில்லை. விளக்கம் தேவையென்றால் ‘ஐந்தருவுள் ஒன்று’ என்று சேர்த்தால் போதும். வடமொழிக் காவியத்தில் நிலத்து மரமாக வருமிடத்தில், பூவின் சிவப்பு சொல்லப்பட்டால் கவிர் அல்லது முள்முருக்கு என்பதே சரியான தமிழ். கவிர் மீட்டெடுக்கத் தக்க சொல். மூன்றே எழுத்தில் அந்த மரம் முழுவதும் வந்துவிடுகிறது. மருத்துவ நூலில் பாலும் வேரும் பேசப்பட்டால் எருக்கு. தெலுங்குப் பாட்டைப் பெயர்ப்பவர் செம்பருத்தி என்று எழுதட்டும். மந்தாரை என்பதைப் பிளந்த இலைக்காரிக்கு மட்டும் வைத்துக்கொண்டு, மந்தாரத்துக்கு ஈடாக அதை எழுதும் பழக்கத்தை விட்டுவிட வேண்டும். பெரியம்மா பண்ணையில் ஏமாந்தது அந்தப் பழக்கத்தால்தான்.

அமரகோசத்தைப் புரட்டி இதையெல்லாம் நான் சொன்னபோது அவர் முதலில் கேட்டது, கொல்லை வேலியில் நிற்பதா என்றுதான். அந்த மாசியில் முள் கீறிய கையோடு ஒரு தட்டுச் சிவப்புப் பூ பறித்து வந்து வைத்தார். இலையில் அடை சுடுவதையும் நிறுத்தவில்லை.