ஒரே ஜன்னலை வைத்து ஒளியமைப்பது எப்படி?

நண்பகல் வெயிலில் ஒருவரைப் படம்பிடித்தால், மூக்கின் நிழல் உதட்டின்மேல் கூரிய விளிம்போடு விழும். மேகம் மூடியதும் அதே நிழல் கரைந்துவிடும். சூரியன் எவ்வளவு பெரியதாக இருந்தாலும், வானில் நம் கண்ணுக்கு அரை டிகிரி அகலம்தான். மேகமூட்டத்தில் வானம் முழுவதும் விளக்காகிவிடுகிறது. ஒரு பக்கத்து ஒளியை மூக்கு மறைத்தாலும், மறுபக்கத்து ஒளி அந்த இடத்தை எட்டிவிடுகிறது. முகத்திலிருந்து பார்க்க ஒளிமூலம் எவ்வளவு அகலமோ, நிழல் அவ்வளவு மென்மை.

1956இல் வெளிவந்த, சத்யஜித் ராய் இயக்கிய 'அபராஜிதோ' என்ற வங்காளப் படத்துக்காகக் காசி வீடொன்றின் முற்றத்தை ஸ்டுடியோவுக்குள் அமைத்தபோது, ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, கீழிருந்து விளக்கொளியை அதன்மேல் பாய்ச்சினார். அங்கே துணிதான் வானம். சிறு முதலீட்டில் இயங்கும் சுயாதீன ஒளிப்பதிவாளர்கள் இன்றும் நம்பியிருப்பது இந்த இயற்பியலைத்தான்.

அவர்களுடைய முதல் விளக்கு பெரும்பாலும் ஜன்னல். அதைக் கையாளத் தொலைவின் கணக்குத் தெரிய வேண்டும். சிறிய விளக்கு ஒன்றிலிருந்து 1 மீட்டரில் இருப்பவர் 2 மீட்டருக்கு நகர்ந்தால், அவர்மேல் விழும் ஒளி கால்பங்காகிவிடும். 4 மீட்டரிலிருந்து 5 மீட்டருக்கு நகர்ந்தாலோ ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்குதான் குறையும். ஜன்னல் அகலமானது என்பதால் அதன் அருகில் இந்தச் சரிவு சற்று மெதுவாக இருக்கும், போக்கு மாறாது. ஆகவே நடிகரை ஜன்னலை ஒட்டி உட்காரவைத்து, முகத்தின் வெளிச்சத்துக்கு ஏற்றபடி கேமராவைச் சரிசெய்தால் பின்சுவர் இருளில் அமிழும். அறையின் உட்புறம் உட்காரவைத்தால் முகமும் சுவரும் ஏறக்குறைய ஒரே வெளிச்சத்தில் நிற்கும். நாற்காலியை நகர்த்தினாலே காட்சியின் மனநிலை மாறிவிடுகிறது.

எனக்கு மிகவும் பிடித்த உத்தி இதற்கு அடுத்தது. ஜன்னலொளி எதிர்ச்சுவரில் பட்டுத் திரும்பி, முகத்தின் இருண்ட கன்னத்தையும் கொஞ்சம் வெளிச்சமாக்கும். கேமராவில் தெரியும் சட்டகத்துக்குச் சற்று வெளியே, அந்தக் கன்னத்தின் பக்கம் ஒரு கறுப்புத் துணியைத் தொங்கவிட்டால் திரும்பிவரும் ஒளி அங்கேயே உறிஞ்சப்பட்டுவிடும். கன்ன எலும்பின் கீழே நிழல் ஆழமாகிறது, முகத்துக்குக் கனம் கூடுகிறது. ஒளியைக் கழிப்பதும் ஒளியமைப்புதான். அதை நுட்பமாகச் செய்பவரையே நான் தேர்ந்த ஒளிப்பதிவாளர் என்பேன்.

வெளிச்சம் போதவில்லையென்றால்? கேமரா நொடிக்கு 24 படச்சட்டகங்களைப் பதிவுசெய்யும்போது ஒவ்வொரு சட்டகத்துக்கும் வழக்கமாக 1/48 நொடிதான் ஒளி கிடைக்கும். ஆகவே லென்ஸின் துளையைத் திறக்க வேண்டும். துளையின் அளவை 'எஃப்' எண்ணால் குறிப்பார்கள்; எண் சிறிதானால் துளை பெரிது. எஃப் 2.8லிருந்து எஃப் 2க்குத் திறந்தால் ஒளி இரட்டிப்பாகும், ஆனால் குவியத்தின் ஆழம், அதாவது துல்லியமாகத் தெரியும் தொலைவின் எல்லை, சுருங்கும். நெருக்கக் காட்சியில் கண் துல்லியமாகவும் காது மங்கலாகவும் தெரிவது இதனால்தான். சிறு முதலீட்டுப் படங்களில் அடிக்கடி காணும் மங்கிய பின்னணிக்கு வெளிச்சப் பற்றாக்குறையும் ஒரு காரணம்.

சூரியனோ மணிக்கு 15 டிகிரி நகர்ந்துகொண்டே இருக்கிறது. அதனால் ஜன்னல் தெரியும் அகலக் காட்சியை முதலில் எடுத்துவிடுவார்கள். நெருக்கக் காட்சிகளைப் பிறகு எடுக்கலாம். அவற்றுக்கு வேண்டிய ஒளியை ஒரு வெள்ளைத் துணியும் சிறு விளக்கும் தந்துவிடும்.