'பயங்கரவாதச் செயல்' என்று சட்டம் எதைச் சொல்கிறது? உபா சட்டத்தின் பிரிவு 15-ஐ நிதானமாகப் படிப்போம்

1998 பிப்ரவரி 14 அன்று கோயம்புத்தூரில் அடுத்தடுத்துக் குண்டுகள் வெடித்து 58 பேர் இறந்தார்கள். தமிழ்நாட்டில் பயங்கரவாதம் என்றதும் என் தலைமுறைக்கு முதலில் நினைவுக்கு வருவது அந்த நாள்தான். ஆனால் அந்த வழக்கு எந்தப் பயங்கரவாதச் சட்டத்தின் கீழும் நடக்கவில்லை என்பது பலருக்குத் தெரியாது. தடா எனப்படும் பயங்கரவாத, சீர்குலைவு நடவடிக்கைகள் தடுப்புச் சட்டம் 1995 மே மாதமே காலாவதியாகிவிட்டது. பொடா எனப்படும் பயங்கரவாதத் தடுப்புச் சட்டம் 2002-இல்தான் வந்தது. 'உபா' என்று நாம் சொல்லும் சட்டவிரோத நடவடிக்கைகள் தடுப்புச் சட்டம் 1967-இலிருந்தே இருந்தாலும், பயங்கரவாதம் பற்றிய அத்தியாயம் அதில் அப்போது கிடையாது. கொலை, கூட்டுச்சதி, வெடிபொருள் சட்டம் என்று வழக்கமான பிரிவுகளை வைத்தே விசாரணை நடந்தது. 2007-இல் 150-க்கும் மேற்பட்டோர் குற்றவாளிகள் என்று தீர்ப்பானது. பலருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது.

இதைச் சொல்வது, அப்படியொரு சட்டமே வேண்டாம் என்று வாதிடுவதற்காக அல்ல. குண்டு வைப்பவனைத் தண்டிக்க நம் சாதாரணக் குற்றவியல் சட்டத்திலேயே வழி இருக்கிறது. அப்படியானால் தனியாக ஒரு வரையறை எதற்கு? குற்றவியல் வழக்குகளில் நீண்ட காலம் பழகியவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்த பதில் இதுதான்: வரையறைக்குள் ஒரு செயல் வந்துவிட்டால், அந்த மனிதருக்கான நடைமுறை முழுவதும் மாறிவிடுகிறது. முன்ஜாமீன் கிடையாது. குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யக் காவல்துறைக்கு 180 நாள் வரை அவகாசம் உண்டு. ஜாமீனுக்கான அளவுகோலே வேறு. தண்டனை தீர்ப்பு நாளில் வருவது. ஆனால் வரையறையின் விளைவு கைது நாளிலேயே தொடங்கிவிடுகிறது. அதனால்தான் அந்த வரையறையில் உள்ள ஒவ்வொரு சொல்லும் எனக்கு முக்கியம்.

வரையறையை நீதிமன்றம் எவ்வளவு உன்னிப்பாகப் படிக்க முடியும் என்பதற்கு ராஜீவ் காந்தி கொலை வழக்கைவிடச் சிறந்த உதாரணம் இல்லை. 1991 மே 21 அன்று ஸ்ரீபெரும்புதூரில் மனித வெடிகுண்டால் நாட்டின் முன்னாள் பிரதமர் கொல்லப்பட்டார். பூந்தமல்லி தடா நீதிமன்றம் 1998 ஜனவரியில் 26 பேருக்கும் தூக்குத் தண்டனை விதித்தது. மறு ஆண்டு மே 11 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னபோது, தடா சட்டத்தின் கீழான தண்டனைகளை ரத்து செய்தது. இது தடா சொல்லும் பயங்கரவாதச் செயல் ஆகாது என்றது.

முதல்முறை கேட்பவர்களுக்கு இது நம்ப முடியாததாக இருக்கும். காரணம் தெளிவானது. அரசை மிரட்டும் நோக்கத்தோடு, அல்லது மக்களிடையே பீதியை உண்டாக்கும் நோக்கத்தோடு, இப்படிக் குறிப்பிட்ட சில நோக்கங்களோடு செய்தால்தான் தடாவின்படி அது பயங்கரவாதச் செயல். சதிகாரர்களின் நோக்கம் ஒரு தனிமனிதரைக் கொல்வதாக இருந்தது, அரசை மிரட்டுவதற்கோ பீதியைப் பரப்புவதற்கோ அதைச் செய்தார்கள் என்பதற்குச் சாட்சியம் இல்லை என்று நீதிபதிகள் முடிவு செய்தார்கள். கொலைச்சதிக்காக நான்கு பேரின் தூக்கும் மூன்று பேரின் ஆயுள் தண்டனையும் நின்றன. கொலைச்சதியில் பங்கில்லை என்று மற்ற 19 பேர் விடுவிக்கப்பட்டார்கள். நாடே கொதித்துக்கொண்டிருந்த ஒரு வழக்கில் சட்டத்தின் சொல்லுக்கு இப்படி மதிப்புக் கொடுத்த அந்தப் பகுதியை நான் இன்றும் மரியாதையோடு படிக்கிறேன்.

அதே தீர்ப்பில் என்னை உறுத்தும் பகுதியும் இருக்கிறது. தடா சட்டத்தில் காவல் கண்காணிப்பாளரிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலமே சாட்சியமாகும். சாதாரணச் சட்டத்தில் அது செல்லாது. தடா குற்றமே நிரூபணமாகவில்லை என்ற பிறகும், அந்தச் சட்டத்தின் கீழ் வாங்கிய வாக்குமூலங்கள் கொலைக் குற்றத்துக்குச் சாட்சியமாக நின்றன. தடா வழக்கு என்பதால் மேல்முறையீடு உயர் நீதிமன்றத்துக்குப் போகாமல் நேராக உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. ஒரு நீதிமன்றப் படி முழுவதுமாகக் கைவிட்டுப் போனது. வெடிகுண்டுக்குப் பேட்டரிகள் வாங்கிக் கொடுத்ததாகக் குற்றம் சாட்டப்பட்ட பேரறிவாளனின் வாக்குமூலத்தைப் பதிவு செய்த அதிகாரியே, பேட்டரிகள் எதற்காக என்று தனக்குத் தெரியாது என அவர் சொன்னதைத் தான் எழுதவில்லை என்று பணி ஓய்வுக்குப் பிறகு 2013-இல் வெளிப்படையாகச் சொன்னார். பேரறிவாளனை உச்ச நீதிமன்றம் விடுதலை செய்தது 2022 மே மாதம்.

இன்றைய சட்டத்துக்கு வருவோம். 2004-இல் பொடா நீக்கப்பட்டபோது அதன் முக்கியப் பகுதிகள் உபா சட்டத்துக்குள் வந்து சேர்ந்தன. 2008 நவம்பரில் மும்பையில் நடந்த தாக்குதலுக்குப் பிறகு அடுத்த மாதமே ஒரு திருத்தம் வந்தது. அதற்கு முன்புவரை, நாட்டின் ஒற்றுமைக்கு அச்சுறுத்தல் விளைவிக்கும் நோக்கத்தோடு, அல்லது மக்களிடம் பீதி உண்டாக்கும் நோக்கத்தோடு என்றுதான் பிரிவு 15 தொடங்கியது. திருத்தத்துக்குப் பிறகு, நோக்கத்தோடு 'அல்லது அப்படி விளைவிக்கக்கூடிய வகையில்' என்றானது. ராஜீவ் வழக்கில் தடா குற்றச்சாட்டு விழுந்ததே நோக்கம் நிரூபிக்கப்படாததால்தான். இப்போது நோக்கம் இல்லாவிட்டாலும், பீதி விளைந்திருக்கக்கூடும் என்றாலே போதும் என்று அரசுத் தரப்பு வாதிட முடியும். 1999-இல் காப்பாற்றிய அதே வாதம் இன்று அதே வலுவோடு நிற்குமா என்று கேட்டால், எனக்கு நம்பிக்கை இல்லை.

இன்னொரு இடத்தையும் கவனியுங்கள். வெடிகுண்டு, துப்பாக்கி, நச்சு வாயு, கதிரியக்கப் பொருள் என்று வரிசையாகச் சொல்லிக்கொண்டு வரும் பிரிவு 15, முடிவில் 'வேறு எந்த வழியிலேனும்' என்று கதவை அகலத் திறந்துவிடுகிறது. விளைவுகளின் பட்டியலில் மரணமும் காயமும் மட்டும் இல்லை. சொத்துச் சேதமும், மக்கள் வாழ்க்கைக்குத் தேவையான பொருள்கள், சேவைகள் தடைபடுவதும் இருக்கின்றன. ஒரு தாய் என் அலுவலகத்தில் முதல் தகவல் அறிக்கையின் நகலை மேசைமேல் விரித்து, "அவன் கையில் ஒரு கத்திகூட இல்லையே ஐயா, எப்படி இந்தச் சட்டம் வரும்?" என்று கேட்டார். அந்த 'வேறு எந்த வழியிலேனும்' என்ற வரியைத்தான் அவருக்குக் காட்ட வேண்டியிருந்தது. அவர் அதை இரண்டு முறை படித்துவிட்டு, "அப்படியென்றால் எதுவும் வருமே" என்றார். சட்டக் கல்லூரியில் கருத்தரங்கு வைத்துப் பேசும் விமர்சனத்தை அவர் மூன்று சொல்லில் சொல்லிவிட்டார்.

இந்த அகலத்தின் விலை ஜாமீன் கட்டத்தில்தான் தெரியும். பிரிவு 43டி(5)-இன்படி, வழக்கு நாட்குறிப்பையோ குற்றப்பத்திரிகையையோ பார்த்து, குற்றச்சாட்டு மேலோட்டமாக உண்மை என்று நம்ப இடமிருந்தாலே நீதிமன்றம் ஜாமீன் தரக்கூடாது. அந்தக் கட்டத்தில் சாட்சியங்களை எடைபோட்டுப் பார்க்கக்கூடாது என்று 2019 ஏப்ரலில் வட்டாலி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆக, வரையறை எவ்வளவு அகலமோ அவ்வளவு சுலபமாகக் குற்றச்சாட்டு 'மேலோட்டமாக உண்மை' ஆகிவிடும். விசாரணை எப்போது முடியும் என்று தெரியாமல் நீளும்போது, விரைவான விசாரணைக்கான அரசியலமைப்பு உரிமையைக் காட்டி ஜாமீன் தரலாம் என்று 2021 பிப்ரவரியில் நஜீப் வழக்கில் அதே நீதிமன்றம் சொன்னது ஒரு ஆறுதல். ஆனால் அதைக் கேட்கவே பல ஆண்டுகள் உள்ளே இருந்தாக வேண்டும்.

திருச்சி மாவட்டம் விரகாலூரில் பிறந்த அருட்தந்தை ஸ்டேன் சுவாமி ஜார்க்கண்ட் பழங்குடி மக்களோடு வாழ்ந்தவர். 2020 அக்டோபர் 8 அன்று ராஞ்சியில் உபா சட்டத்தின் கீழ் கைது செய்யப்பட்டபோது அவருக்கு வயது 83. நடுக்குவாத நோயால் கை நடுங்கும். தண்ணீர் குடிக்க உறிஞ்சுகுழலும் அதற்கான குவளையும் வேண்டும் என்று நீதிமன்றத்தில் மனு போட்டார். பதில் சொல்ல, வழக்கை நடத்திய தேசியப் புலனாய்வு முகமை (என்.ஐ.ஏ.) 20 நாள் அவகாசம் கேட்டது. நீதிமன்றமும் கொடுத்தது. ஜாமீன் மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போதே 2021 ஜூலை 5 அன்று மும்பை மருத்துவமனையில் காவலில் இருந்த நிலையில் இறந்தார். நீதிமன்றம் குற்றச்சாட்டுகளைக்கூட அதுவரை முறைப்படி பதிவு செய்யவில்லை. அவர் மீதான புகார் உண்மையா பொய்யா என்று எந்த நீதிமன்றமும் விசாரித்துச் சொல்லவில்லை, இனிச் சொல்லப்போவதும் இல்லை. ஒரு வழக்கறிஞனாக எனக்கு இதைவிட வலிக்கும் செய்தி இல்லை.

மற்ற நாடுகள் என்ன செய்கின்றன? உலகம் முழுவதும் ஏற்றுக்கொண்ட வரையறை என்று ஒன்று இன்றுவரை இல்லை. 1937-இல் உலக நாடுகள் சங்கம் ஒரு உடன்படிக்கை கொண்டுவந்தது. அதற்கு முறைப்படி ஏற்பளித்த ஒரே நாடு இந்தியா, அதாவது பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த இந்தியா. சுதந்திரப் போராட்டக்காரர்களையே பயங்கரவாதிகள் என்று அழைத்த ஆட்சிக்கு அதில் அக்கறை இருந்தது வியப்பில்லை. அந்த உடன்படிக்கை நடைமுறைக்கு வரவேயில்லை.

இலங்கையின் பயங்கரவாதத் தடைச் சட்டம் 1979-இல் மூன்று ஆண்டுக்கான தற்காலிக ஏற்பாடு என்று வந்து, 1982-இல் நிரந்தரமாக்கப்பட்டது. தமிழர்கள் மீது அது எப்படிப் பாய்ந்தது என்பதைச் சொல்லத் தேவையில்லை. ஆனால் அந்தச் சட்டத்தில் பயங்கரவாதம் என்றால் என்ன என்ற வரையறையே கிடையாது. குற்றங்களின் பட்டியல் மட்டும் உண்டு. பேச்சாலோ எழுத்தாலோ இனங்களுக்கிடையே பகைமையைத் தூண்டுவதும் அந்தப் பட்டியலில் ஒன்று. உதவிப் பொலிஸ் அத்தியட்சகரிடம் கொடுத்த வாக்குமூலம் அங்கே சாட்சியமாகும். நம் தடாவை நினைத்துப் பாருங்கள்.

கனடாவின் சட்டம் எனக்குப் பிடித்த ஒரு வேலையைச் செய்திருக்கிறது. 2001-இல் நியூயார்க் தாக்குதலுக்குப் பிறகு அவசரமாக எழுதப்பட்டதுதான் அதுவும். அதன்படி, அரசியல், மத, சித்தாந்தக் காரணம் ஒன்று இருந்ததை அரசுத் தரப்பு நிரூபிக்க வேண்டும். அத்தியாவசியச் சேவையைக் கடுமையாகக் குலைப்பது குற்றம் என்று சொல்லும் அதே இடத்தில், உயிருக்கோ உடலுக்கோ கேடு செய்யும் நோக்கமில்லாத கருத்துப் பரப்புரை, போராட்டம், எதிர்ப்பு, வேலைநிறுத்தம் ஆகியவற்றுக்கு வெளிப்படையாக விலக்கு அளித்திருக்கிறது. நம் பிரிவு 15-இல் அந்த விலக்கு இல்லை. டெல்லி கலவர வழக்கு ஒன்றில், போராடும் உரிமைக்கும் பயங்கரவாதச் செயலுக்கும் இடையிலான கோடு அரசின் கண்ணுக்கு மங்கிவருகிறது என்ற கவலையோடு 2021 ஜூன் 15 அன்று டெல்லி உயர் நீதிமன்றம் மூன்று பேருக்கு ஜாமீன் கொடுத்தது. மூன்றே நாளில், அந்தத் தீர்ப்பை முன்மாதிரியாக யாரும் காட்டக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சட்டத்திலேயே ஒரு வரி எழுதி வைத்திருந்தால் இந்த இழுபறிக்கே இடமிருந்திருக்காது. நம் நாடாளுமன்றம் செய்ய வேண்டிய திருத்தம் அதுதான் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

அந்த வாய்ப்பு 2023-இல் வந்தது, நழுவியது. இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் பிரிவு 113, உபாவின் பிரிவு 15-ஐ ஏறக்குறைய அப்படியே எடுத்துக்கொண்டது. 2024 ஜூலை 1 முதல் ஒரே செயலுக்கு இரண்டு சட்டங்கள் இருக்கின்றன. எதில் வழக்குப் பதிவது என்பதைக் காவல் கண்காணிப்பாளர் நிலைக்குக் குறையாத அதிகாரி முடிவு செய்வார். உபாவில் வழக்கு என்றால் அரசின் முன்அனுமதி வேண்டும், ஜாமீன் தடையும் உண்டு. புதிய சட்டத்தின் பிரிவு 113-க்கு இரண்டும் இல்லை. இவ்வளவு பெரிய வித்தியாசத்தை ஓர் அதிகாரியின் விருப்பத்துக்கு விட்டது சரியல்ல.

உங்கள் வீட்டிலோ தெருவிலோ ஒருவர் மீது இப்படி வழக்கு வந்தால், முதலில் பிரிவு எண்ணைப் பாருங்கள். உபா என்றதுமே ஜாமீன் கிடைக்காது என்று நினைத்துத் தளர்ந்துவிடுகிறார்கள். அந்தத் தடை நான்காம், ஆறாம் அத்தியாயக் குற்றங்களுக்கு மட்டும்தான். 15 முதல் 23 வரையான பிரிவுகளும் 38, 39, 40 ஆகியவையும் அவற்றில் அடங்கும். சட்டவிரோத நடவடிக்கை பற்றிய பிரிவு 13 மட்டும் இருந்தால் அந்தத் தடை பொருந்தாது. கைதுக்கான காரணங்களை எழுத்தில் கொடுத்தார்களா என்று அன்றே கேளுங்கள். அப்படிக் கொடுக்காத கைது செல்லாது என்று, 2024 மே மாதம் ஒரு செய்தி இணையதள ஆசிரியரின் உபா வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறி, அவரை விடுவிக்க உத்தரவிட்டது.

என்.ஐ.ஏ. வழக்குகளில் ஜாமீன் மறுக்கப்பட்டால், உயர் நீதிமன்றத்தில் வழக்கமான மனுவாகப் போட முடியாது. இரு நீதிபதிகள் அமர்வுக்கு மேல்முறையீடாகத்தான் போக வேண்டும். அதற்கு 30 நாள் கெடு உண்டு. கைதானவர் முதன்முதலில் ரிமாண்ட் செய்யப்பட்ட தேதியை நாட்காட்டியில் குறித்து வையுங்கள். 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை வராமலும், அரசு வழக்கறிஞரின் அறிக்கையின் பேரில் நீதிமன்றம் அவகாசத்தை நீட்டிக்காமலும் இருந்தால், ஜாமீன் அவருடைய உரிமை. அந்த உரிமை தானாக வந்து சேராது. குற்றப்பத்திரிகை தாக்கலாவதற்கு முன் மனு போட்டிருக்க வேண்டும். அதனால் 91-ஆம் நாள் காலை நீதிமன்றம் திறக்கும்போது மனு தயாராக இருக்கட்டும்.