பதினோராவது ஆள்: எலியாஸ் சர்கிஸும் பெய்ரூட் வங்கிகளும்

1966 அக்டோபர் 14 அன்று பெய்ரூட்டில் இன்ட்ரா வங்கி பணம் கொடுப்பதை நிறுத்தியது. அன்றைய லெபனானின் மிகப் பெரிய வங்கி அது. மிடில் ஈஸ்ட் ஏர்லைன்ஸில் பெரும்பங்கு, பெய்ரூட் துறைமுகத்தில் பங்கு, காசினோ டு லிபான் சூதாட்ட விடுதியில் பங்கு, பாரிஸின் ஷான்செலிசேயில் கட்டடம் என்று அதன் சொத்துப் பட்டியல் நீண்டுகொண்டே போகும். இவ்வளவு வைத்திருந்த வங்கி எப்படி விழுந்தது?

நூறு பேர் ஆளுக்கு ஆயிரம் லிரா (லெபனானின் நாணயம்) ஒரு வங்கியில் போடுகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் ஒரு லட்சம். சாதாரண நாளில் நாலைந்து பேர் எடுக்க வருவார்கள், நாலைந்து பேர் போட வருவார்கள். அதனால் வங்கி பத்தாயிரத்தைப் பெட்டியில் வைத்துக்கொண்டு, மீதித் தொண்ணூறாயிரத்தைக் கடனாகக் கொடுக்கிறது, கட்டடம் வாங்குகிறது, கம்பெனிகளில் முதலீடு செய்கிறது. பணம் போட்டவர் கேட்ட நிமிடத்தில் கொடுக்க வேண்டும். கடன் வாங்கியவரோ பத்து வருடம் கழித்துத்தான் முழுதாகத் திருப்புவார். குறுகிய காலப் பணத்தை நீண்ட காலப் பணமாக மாற்றுவதுதான் வங்கித் தொழிலின் சாரம். அதன் பலவீனமும் அதுவேதான்.

ஒருநாள் வதந்தி கிளம்புகிறது. முதல் பத்துப் பேருக்கு முழுப் பணமும் கிடைக்கும். பதினோராவது ஆளுக்குப் பெட்டியில் ஒன்றும் இருக்காது. இது எல்லோருக்கும் தெரியும் என்பதால் எல்லோரும் முதல் பத்துக்குள் நிற்கப் பார்க்கிறார்கள். வங்கி நல்ல வங்கி என்று நம்புகிறவர்கூட, மற்றவர்கள் ஓடுவதைப் பார்த்ததும் ஓடத்தான் வேண்டும். இவர்களை முட்டாள் கூட்டம் என்று எழுதுவது எனக்கு உடன்பாடில்லை. ஒவ்வொருவரும் தன்னளவில் சரியாகவே கணக்குப் போடுகிறார்கள். அத்தனை சரியான கணக்குகளும் சேர்ந்து வங்கியைக் கவிழ்த்துவிடுகின்றன. அவசரத்தில் விற்கப்போனால் லட்சம் பெறும் கட்டடம் அறுபதாயிரத்துக்குத்தான் போகும். அப்போது வதந்தி உண்மையாகிவிடுகிறது.

இன்ட்ராவுக்கு நேர்ந்ததும் ஏறக்குறைய இதுதான். ஜெருசலேமில் பிறந்த பாலஸ்தீனர் யூசெப் பெய்தாஸ் 1951-ல் தொடங்கிய வங்கி அது. வளைகுடா நாட்டவரின் பணம் அங்கே குவிந்திருந்தது. வெளிநாடுகளில் வட்டி உயர்ந்ததும் அந்தப் பணம் வெளியேறத் தொடங்கியது. சொத்தெல்லாம் விமானத்திலும் துறைமுகத்திலும் கட்டடத்திலும் மாட்டியிருந்தது. அவற்றை ஒரு வாரத்தில் காசாக்க யாராலும் முடியாது.

இந்த நேரத்தில் கைகொடுப்பதற்காகத்தான் மத்திய வங்கி இருக்கிறது. நல்ல சொத்தை அடகாக வாங்கிக்கொண்டு தாராளமாகக் கடன் கொடுத்தால் பதினோராவது ஆளுக்கும் பணம் கிடைக்கும். கிடைக்கிறது என்று தெரிந்த பிறகு வரிசையே கலைந்துவிடும். லெபனானின் மத்திய வங்கிக்கு அப்போது இரண்டரை வயதுதான் ஆகியிருந்தது. 1964 ஏப்ரல் 1 அன்றுதான் கதவு திறந்தது. இன்ட்ராவுக்குக் கொஞ்சம் கடன் கொடுத்தது, அதோடு கையை இழுத்துக்கொண்டது. பெய்தாஸ் வெளியாள் என்பதும் அதற்குக் காரணம் என்ற பேச்சு இன்றுவரை ஓயவில்லை.

இந்தச் சேதத்துக்குப் பிறகுதான் எலியாஸ் சர்கிஸ் மத்திய வங்கிக்கு ஆளுநராக வந்தார். 1924-ல் மலைக்கிராமமான ஷபானியேயில் எளிய குடும்பத்தில் பிறந்தவர், சட்டம் படித்தவர், அரசுத் தணிக்கை மன்றத்தில் நீதிபதியாக இருந்தவர், அதிபர் ஃபுவாத் ஷெஹாபின் அலுவலகத்தில் உயர்ந்தவர். இதற்குள், 1967 மே மாதச் சட்டம் ஒன்று வங்கிக் கண்காணிப்பு ஆணையத்தையும் டெபாசிட் காப்பு நிறுவனத்தையும் உருவாக்கியிருந்தது. டெபாசிட் காப்பு நேரடியாகப் பதினோராவது ஆளின் பயத்தைத் தொடுகிறது: வங்கி போனாலும் உன் பணத்தில் இவ்வளவு உனக்கு வந்துசேரும், ஓடாதே. கண்காணிப்பு ஆணையத்தின் தலைவராக இருந்தவர் பொருளாதாரப் பேராசிரியர் சலீம் அல்-ஹோஸ்.

1970 அதிபர் தேர்தலில் சர்கிஸ் ஒரே ஒரு ஓட்டில் தோற்றார்: 50-க்கு 49. சுலைமான் ஃபிராஞ்சியே வென்றார். உள்நாட்டுப் போர் மூண்ட பிறகு, 1976 மே மாதம், குண்டுகள் விழுந்துகொண்டிருந்தபோது நாடாளுமன்றம் கூடி சர்கிஸைத் தேர்ந்தெடுத்தது. பதவியேற்பு தலைநகரில் நடக்கவில்லை. பெக்கா சமவெளியின் ஷ்தௌராவில் ஒரு ஹோட்டலில் நடந்தது. அவர் பிரதமராக அழைத்தது அதே அல்-ஹோஸைத்தான். போரை அவர்களால் நிறுத்த முடியவில்லை. ஆனாலும் 1982-ல் சர்கிஸின் பதவிக்காலம் முடிந்தபோது ஒரு டாலருக்கு ஐந்து லிராகூட ஆகவில்லை. நாடு துண்டாகிக் கிடந்த ஏழு வருடத்துக்குப் பிறகும் பணத்தின் மதிப்பு இவ்வளவு நின்றது எனக்கு ஆச்சரியம்தான். ஐந்தே ஆண்டுகளில் அது டாலருக்கு 400 லிராவைத் தாண்டியது. அதைப் பார்க்க அவர் இல்லை. 1985 ஜூனில் பாரிஸில் இறந்தார்.

பணம் நின்றதற்கு ஒரு துணை தங்கம். அவுன்ஸ் 35 டாலராக இருந்த காலத்தில் லெபனான் வாங்கிச் சேர்த்தது இன்றும் 286 டன்னுக்கு மேல் இருக்கிறது. 1986-ல் நாடாளுமன்றம் தன் அனுமதியின்றி அதை விற்கக் கூடாது என்று சட்டம் போட்டது.

2019 அக்டோபரில் லெபனான் வங்கிகளில் மறுபடி வரிசை நின்றது. இம்முறை நோய் வேறு. 1997-லிருந்து ஒரு டாலர் 1507.5 லிரா என்று பிடித்துவைக்க மத்திய வங்கி, பிற வங்கிகளிடமிருந்து அதிக வட்டிக்கு டாலர் வாங்கிச் செலவழித்துவந்தது. லிராவை அச்சடிக்கலாம், டாலரை அச்சடிக்க முடியாது. இன்ட்ராவிடம் சொத்து இருந்தது, நேரம்தான் இல்லை. 2019-ல் டாலரே செலவாகிப் போயிருந்தது. இழப்பு சுமார் 7,000 கோடி டாலர் என்று அரசே பின்னர் கணக்கிட்டது. கடைசிக் கைகொடுப்பவரான மத்திய வங்கியே வரிசையில் நின்றால் அவருக்குக் கடன் கொடுக்க ஆளில்லை.

தங்கத்தை விற்று டெபாசிட்காரர்களுக்குக் கொடுத்துவிடலாம் என்று பெய்ரூட்டில் சிலர் கேட்கிறார்கள். வாழ்நாள் சேமிப்பு முடங்கிப்போனவர்களின் கேள்வி அது, நியாயமானது. ஆனால் நேரப் பற்றாக்குறைக்கு மருந்தாகும் கையிருப்பு, டாலரே செலவாகிப்போன ஓட்டையில் ஊற்றினால் ஓடிவிடும். முதலில் அந்த இழப்பை யார் எவ்வளவு சுமப்பது என்று பங்கு போட வேண்டும். நாடாளுமன்றத்தில் இழுபறியாகிக்கொண்டிருப்பது அந்தக் கணக்குதான்.