புல்மரம்: சொல் விளக்கம்

புல்மரம் என்பது ஆஸ்திரேலியாவில் மட்டுமே இயற்கையாக வளரும் ஸாந்தோரியா என்னும் பேரினத்தின் பொதுப்பெயர். ஆங்கிலத்தில் 'கிராஸ் ட்ரீ' என்பர். 1798இல் ஜேம்ஸ் எட்வர்ட் ஸ்மித் சூட்டிய அப்பேரினப் பெயர், 'மஞ்சள்', 'வழிதல்' எனப் பொருள்படும் இரு கிரேக்கச் சொற்களால் ஆனது. செடியில் கசியும் பிசினைக் குறிப்பது.

இவற்றுள் ஸாந்தோரியா பிரைஸியை என்ற இனம் மேற்கு ஆஸ்திரேலியாவின் தென்மேற்குப் பகுதிக்கே உரியது. பெர்த் நகரைச் சுற்றிய கடற்கரைச் சமவெளியின் மணலிலும், டார்லிங் மலைத்தொடரின் சரளை மண்ணில் ஜாரா என்னும் யூகலிப்டஸ் மரங்களின் அடியிலும் இதைப் பரவலாகக் காணலாம். 1838 முதல் 1842 வரை அங்கே தாவரங்களைத் திரட்டிய ஜெர்மானியர் லுட்விக் பிரைஸின் நினைவாக அறிவியற்பெயர் அமைந்தது. அம்மண்ணின் தொல்குடிகளான நூங்கர் மக்கள் வழங்கும் பெயர் பல்கா. குடியேறியவர்கள் இட்ட இழிபெயர் ஒன்று நெடுங்காலம் புழங்கிப் பின் கைவிடப்பட்டது. அதைத் தமிழாக்கி உயிர்ப்பிக்கக் கூடாது.

பல்காவின் அடிமரத்தைக் கூர்ந்து பார்த்தால், உதிர்ந்த இலைகளின் அடிப்பகுதிகள் அடுக்கடுக்காக நெருங்கிப் பிசினால் இறுகியிருப்பது தெரியும். வன்மை அந்த வெளி உறையில்தான், உள்ளே இருப்பது நார். பல்கா ஆண்டுக்கு ஓரிரு சென்டிமீட்டரே உயர்வதால், ஆளுயரச் செடிக்கு வயது நூறைத் தாண்டியிருக்கும். காட்டுத்தீயில் இலைகள் கருகினாலும் உச்சியிலுள்ள குருத்து பிழைத்துத் துளிர்க்கிறது. தீக்குப் பிறகே பூந்தண்டுகள் மிகுதியாக எழுகின்றன. உலர்ந்த தண்டைக் கடைந்து நெருப்பு உண்டாக்கிய நூங்கர் மக்கள், பிசினைக் கரித்தூளுடன் குழைத்துக் கற்கோடரியின் அலகைக் காம்பில் பொருத்தினர்.

தாவரவியல்படி இது புற்குடும்பத்தைச் சேர்ந்ததன்று. நம் சோற்றுக்கற்றாழை அடங்கும் குடும்பத்தைச் சேர்ந்தது. ஆயினும் 'புல்' என்ற சொல் இதற்குப் பொருந்தும். "புறக்காழனவே புல்லென மொழிப, அகக்காழனவே மரமென மொழிப" என்று தொல்காப்பிய மரபியல் வகுக்கிறது. வெளியே வன்மையும் உள்ளே மென்மையும் உடைய பனையும் தெங்கும் அவ்வகையில் புல்லே, பல்காவும் அப்படியே. மரம் போல் நிமிர்ந்து நிற்பதால் 'மரம்' என்ற பின்பகுதியும் தவறாகாது.

புணர்ச்சி விதிப்படி 'புன்மரம்' என்று வரவேண்டும். ஆனால் 'புன்' என்பது இழிவையும் உணர்த்துவதால், பிரித்தறிய ஏதுவாகப் 'புல்மரம்' என்றே எழுதுவது நலம். பேரினத்தைப் புல்மரம் என்றும், இவ்வினத்தைப் பல்காப் புல்மரம் என்றும் வழங்கலாம்.