ஆபரேஷன் செய்தால் நாய் அடங்கிவிடுமா?

“ஆபரேஷன் பண்ணிட்டா அடங்கிடுமா டாக்டர்?” கருத்தடைக்கு நாயை அழைத்து வருபவர்கள் பெரும்பாலும் இப்படித்தான் பேச்சை ஆரம்பிப்பார்கள். “இப்போ அப்படி என்ன பண்றான்?” என்று நான் திருப்பிக் கேட்பேன். அதற்கு வரும் பதிலை வைத்துத்தான் எதையும் சொல்ல முடியும்.

கதவைத் திறந்ததும் தெருவுக்கு ஓடிவிடுகிறான், சோபா காலில் எல்லாம் சிறுநீர் தெளிக்கிறான், வீட்டுக்கு வருபவர்களின் காலைக் கட்டிக்கொண்டு ஏறுகிறான் என்றால் தைரியமாகத் தேதி குறிக்கலாம். இவற்றுக்குப் பின்னால் இருப்பது பெரும்பாலும் ஆண் ஹார்மோனான டெஸ்டோஸ்டீரோன். விதைகளை எடுத்த சில நாட்களிலேயே ரத்தத்தில் அது வெகுவாகக் குறைந்துவிடும். பழக்கம் குறையத்தான் வாரங்கள், சில சமயம் மாதங்கள் ஆகும். வருடக்கணக்கில் ஊறிய பழக்கம் கொஞ்சம் ஒட்டிக்கொண்டே இருக்கவும் செய்யும். அப்புறம், இதைப் பலர் மறந்துவிடுகிறார்கள்: ஆபரேஷன் முடிந்த பிறகும் உள்ளே மிச்சமிருக்கும் விந்தணுக்களால் சில வாரங்களுக்குக் குட்டி உண்டாகலாம். வீட்டில் பெட்டையும் இருந்தால் ஒரு மாதமாவது பிரித்து வையுங்கள்.

பயத்தில் கடிக்கிற நாயின் கதை வேறு. ஒருமுறை இரண்டு வயது ஆண் நாயைக் கொண்டுவந்தார்கள். யார் வந்தாலும் பாய்கிறானாம். உள்ளே வந்தவன் நேராக மேசைக்கு அடியில் போய்ப் பதுங்கினான். வால் வயிற்றோடு ஒட்டியிருந்தது, காதுகள் பின்னால் மடங்கியிருந்தன, கண்ணின் வெள்ளை ஓரமாகத் தெரிந்தது. நான் அவனைப் பார்க்காமல் தரையில் உட்கார்ந்துகொண்டேன். மூக்கை நக்குவதும் முகத்தைத் திருப்புவதுமாக இருந்தானே தவிர, உறுமக்கூட இல்லை. அவனுக்கு அன்று ஆபரேஷன் செய்யவில்லை. இப்படிப்பட்ட நாய்க்கு ஹார்மோனையும் எடுத்துவிட்டால் இருக்கிற தைரியமும் போய்விடலாம் என்று நினைக்கும் மருத்துவர்கள் உண்டு. நானும் அந்தக் கட்சிதான். முதலில் பயத்துக்கான பயிற்சி, மற்றதெல்லாம் பிறகு.

பெட்டை நாய்க்குக் கருத்தடை செய்யச் சொல்வதற்கு என்னிடம் இருக்கும் பெரிய காரணம் கருப்பைதான். “நல்லாத்தான் இருக்கா, ரெண்டு நாளா தண்ணிதான் நிறையக் குடிக்கிறா” என்று எட்டு வயது நாயைக் கொண்டுவந்தால், கடைசியாக எப்போது ஹீட்டுக்கு, அதாவது இனச்சேர்க்கைப் பருவத்துக்கு, வந்தாள் என்றுதான் நான் முதலில் கேட்பேன். ஒன்றிரண்டு மாதம் ஆகியிருந்தால் உடனே ஸ்கேன். ஹீட் முடிந்ததும் சுரக்கும் புரோஜெஸ்டிரோன் என்ற ஹார்மோனால் கருப்பையின் உட்சுவர் தடித்து, உள்ளே நுழைந்த பாக்டீரியா பெருகிச் சீழ் கட்டுவதற்குப் பயோமெட்ரா என்று பெயர். கருப்பை வாய் திறந்திருந்தால் சீழ் வெளியே வழியும், வீட்டில் கவனித்துவிடுவார்கள். மூடியிருந்தால் வெளியே எதுவும் தெரியாது, ஆபத்தும் அதிகம். வயிற்றைத் திறந்தால், பென்சில் அளவுக்கு இருக்க வேண்டிய கருப்பைக் கொம்புகள் (கருப்பையின் இரண்டு கிளைகள்) தண்ணீர் நிரப்பிய பலூன் மாதிரி, தொட்டால் கிழிந்துவிடும் போல உப்பியிருக்கும். அதைக் கிழியாமல் வெளியே எடுக்கும் வரை எனக்கு மூச்சு வராது. இளவயதில் நிதானமாகச் செய்திருக்கக்கூடிய அதே ஆபரேஷனை, காய்ச்சலும் நஞ்சேறிய ரத்தமுமாகக் கிடக்கும் வயதான நாய்க்கு அவசரமாகச் செய்ய வேண்டியிருக்கிறது.

மார்புக் கட்டி பற்றியும் கேட்பார்கள். கருத்தடை செய்யாத நாய்க்கு இருக்கும் ஆபத்தோடு ஒப்பிட்டால், முதல் ஹீட்டுக்கு முன்பே செய்த நாய்க்கு அதில் 0.5 சதவீதம்தான், ஒரு ஹீட்டுக்குப் பிறகு 8, இரண்டுக்குப் பிறகு 26 என்ற கணக்கு 1969ஆம் ஆண்டு ஆய்வொன்றிலிருந்து வந்தது. பிற்காலத்தில் இந்தத் துறை ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்தவர்கள் ஆதாரம் அவ்வளவு வலுவாக இல்லை என்றார்கள். ஆபத்து குறைகிறது என்று நானும் நம்புகிறேன். தசமப் புள்ளி வரைக்கும் சத்தியம் செய்யமாட்டேன்.

எந்த வயதில் செய்வது? பெரிய இன நாய்களுக்கு அவசரம் வேண்டாம். எலும்பு வளர்ச்சியை முடித்துவைப்பதில் பாலின ஹார்மோன்களுக்குப் பங்கு இருக்கிறது. ஒரு வயதுக்கு முன்பே கருத்தடை செய்த கோல்டன் ரெட்ரீவர்களுக்கு மூட்டுக் கோளாறுகள் அதிகம் என்று கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் டேவிஸ் வளாகம் 2013இல் ஆய்வு வெளியிட்டது. சிறிய இனங்களில் அப்படிப் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. பெரிய இனப் பெட்டைகளில் சிலவற்றுக்குப் பின்னாளில் தூக்கத்தில் சிறுநீர் கசியலாம். பெரும்பாலும் மருந்துக்குக் கட்டுப்படும். பூனைக்கு இந்தக் குழப்பமெல்லாம் கிடையாது. நான்கைந்து மாதத்தில் செய்துவிடுங்கள், அந்த வயதிலேயே அது சினையாகிவிடக்கூடும். கடுவன் பூனையின் மூத்திர நாற்றமும் ராத்திரிச் சண்டையும் பெரும்பாலும் இதோடு ஓய்ந்துவிடும்.

“ஆபரேஷனால குண்டாயிட்டான்” என்ற புகாரில் பாதி உண்மை. பசி கூடும், உடம்புக்குத் தேவைப்படும் சக்தி ஏறத்தாழ கால்பங்கு குறையும். தட்டில் போடுவது மட்டும் அதே அளவு. எவ்வளவு போடுகிறீர்கள் என்று கேட்டால், “ஒரு கை” என்பார்கள். யாருடைய கை என்று கேட்டால் அப்பா ஒரு கை, பாட்டி ஒரு கை, பள்ளி விட்டு வந்த பிள்ளை ஒரு கை. அதனால் தையலைப் பார்க்க வரும் அன்றே நாயைத் தராசில் நிறுத்தி, எடையை அட்டையில் எழுதி, உணவை அளக்க ஒரே ஒரு கப்பை ஒதுக்கச் சொல்லி அனுப்புகிறேன். அடுத்த மாதம் மறுபடி தராசு.